சாப்பாட்டு மேஜை தூரம்

பெட்டிக்குள் மைத்துனி நேராக்கி வைத்த மனைவியின் தலையைக் கண்ணாடிக்காரர் மறுபடியும் இடது தோள் பக்கம் சாய்த்தார். அது நிற்கவில்லை. கைத்துண்டு ஒன்றை மடித்துத் தலையணையின் வலது பக்கத்துக்கு அடியில் சொருகிய பிறகு நின்றது.

"ஒரு மாதிரி கோணலாத் தெரியுது அத்தான்" என்றாள் மைத்துனி. "வர்றவங்க என்னமோ ஏதோன்னு நினைப்பாங்க."

"நினைக்கட்டும். அவ இப்படித்தான் இருப்பா."

"சின்ன வயசுல அக்கா இப்படி இல்லியே."

"எங்கிட்ட வந்தப்புறம் வந்த பழக்கம்" என்றார். அந்தத் துக்கத்திலும் அவர் குரலில் ஒரு பெருமை எட்டிப் பார்த்தது. மைத்துனி பெட்டிக்குள் விரித்திருந்த வெள்ளைத் துணியின் சுருக்கத்தை நீவிவிட்டாள்.

நேற்றுக் காலை அலுவலகத்தில் வரைபடத்தை விரித்து வைத்து யாரிடமோ வாதாடிக்கொண்டிருந்தவள், கொஞ்சம் தண்ணீர் கேட்டுவிட்டு நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். தண்ணீர் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. ஆஸ்பத்திரியில் அவளுடைய கைக்கடிகாரத்தையும் மூக்குக்கண்ணாடியையும் ஒரு காகித உறையில் போட்டுக் கணவர் கையில் கொடுத்தார்கள். கடிகாரத்தை அவர் மகளிடம் கொடுத்தார். கண்ணாடியைத் துடைத்து, காதுப் பிடியை லேசாக வளைத்து, அவள் முகத்திலேயே மாட்டிவிட்டார். ஊரில் பாதிப் பேர் முகத்தில் அவர் கடைக் கண்ணாடி இருக்கும்போது, சொந்த மனைவி வெறும் முகத்தோடு போனால் நன்றாகவா இருக்கும்.

வீட்டின் முன்னறைதான் கடை. துக்கம் விசாரிக்க வருகிறவர்கள் கடையைத் தாண்டித்தான் கூடத்துக்குள் வர வேண்டும். சுவர் முழுவதும் லென்ஸ் போடாத பிரேம்கள் தொங்கின. ஆங்காங்கே வைத்திருந்த சின்னச் சின்ன நிலைக்கண்ணாடிகளில் ஒவ்வொருவரும் தங்கள் சோக முகத்தை ஒரு தடவை சரிபார்த்துக்கொண்டு உள்ளே வந்தார்கள்.

அவளுடைய வேலை என்னவென்று உறவினர்கள் பலருக்குக் கடைசிவரை பிடிபடவில்லை. பாலம் கட்டுகிறவள் என்று சொல்லிக்கொண்டார்கள். கட்டுவது வேறு ஆட்கள். எங்கே கட்டினால் சரியாக இருக்கும் என்று பார்த்துச் சொல்வதுதான் அவள் வேலை. அந்த ஆற்றில் இக்கரையில் நிற்பவன் கத்தினால் அக்கரைக்குக் கேட்காது. அத்தனை அகலத்துக்கும் ஊருக்கென்று இருந்தது ஒரே ஒரு பழைய பாலம். எதிரும் புதிருமாக இரண்டு லாரிகள் வந்தால் இரண்டும் வயிற்றை எக்கிக்கொண்டுதான் போக வேண்டும். புதுப் பாலத்துக்கு மூன்று தடங்கள் யோசனையில் இருந்தன. மில்லுக்குப் பக்கத்தில் ஒன்று, சந்தை வழியாக ஒன்று, தீவைத் தாண்டிக் கீழே ஒன்று. எந்தத் தடத்தில் பாறை எவ்வளவு ஆழத்தில் இருக்கிறது, எத்தனை வீடு போகும், வெள்ளம் எந்தக் கரையை அரிக்கும், யார் எங்கிருந்து எங்கே போகிறார்கள் என்று ஒவ்வொன்றுக்கும் மார்க் போட்டு ஒப்பிட்டுப் பார்ப்பாள். மூன்றுக்கும் முன்னால், அட்டவணையின் முதல் பத்தியில், எப்போதும் ஒரு நான்காவது வழி இருக்கும். பாலமே கட்டாமல் அப்படியே விட்டுவிடுவது. சும்மா விடுவதும் ஒரு வழிதான், அதையும் நேர்மையாகப் பார்த்தால்தான் மற்றதற்கு மதிப்பு என்பாள்.

இந்தப் பழக்கம் வீட்டுக்குள்ளும் வந்துவிட்டது. மகளின் படிப்பு, குளிர்சாதனப் பெட்டி, சுவருக்குப் பூசும் வர்ணம் எல்லாவற்றுக்கும் மூன்று வழியும் ஒரு சும்மாவும் உண்டு. கூடத்து ஜன்னலுக்குத் திரைச்சீலை தேர்ந்தெடுத்தபோது சும்மாதான் ஜெயித்தது. அந்த ஜன்னல் இன்றைக்கும் மொட்டையாகத்தான் இருந்தது. வெயில் நேராகப் பெட்டியின் மேல் விழுந்தது.

கண்ணாடிக்காரருக்கு முதலில் ஆற்றின் மேல்தான் பொறாமை. விடிந்தால் அவளுக்கு ஆறு, ஞாயிற்றுக்கிழமையும் ஆறு, மழை பெய்தால், எவ்வளவு ஏறியிருக்கிறது பார்த்துவிட்டு வருகிறேன் என்று குடையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவாள். ஆற்றின் மேல் பொறாமைப்படுவது கவுரவக் குறைச்சல் என்று தோன்றியதால், கொஞ்ச நாளில் அதை ஓர் ஆளின் மேல் மாற்றிக்கொண்டார்.

அந்த ஆள் மண்காரர். ஆற்றுக்கு நடுவில் மிதவையை நிறுத்தி, அடியில் துளை போட்டு, உள்ளே இருக்கும் மண்ணையும் பாறையையும் எடுத்துப் பார்த்துச் சொல்கிறவர். அவர் சொல்லாமல் எந்தத் தடத்துக்கும் மார்க் போட முடியாது. ஒல்லியான உயரமான மனிதர், கல்யாணம் ஆகாதவர். இந்தக் கடைசி விஷயம் கண்ணாடிக்காரருக்குப் பல வருடங்களாகச் செருப்பில் மாட்டிய கல் மாதிரி இருந்தது. மண்காரர் தன் கண்ணாடியை இந்தக் கடையில்தான் மாற்றுவார். கருவியில் மோவாயை வைத்துக்கொண்டு வாய் திறக்காமல் உட்கார்ந்திருப்பார். கண்ணாடிக்காரர் அந்தக் கண்ணுக்குள் விளக்கடித்துப் பார்த்திருக்கிறார். சந்தேகப்படும்படி ஒன்றும் தெரிந்ததில்லை. தெரியாமல் போனதில் எரிச்சல்தான் கூடியது.

போதாக்குறைக்கு அவர்களுக்குள் ஒரு கைப்பேச்சு இருந்தது. ஆற்றுக் காற்றில் குரல் எடுபடாது. கரையில் நிற்பவள் கையை ஒரு பக்கம் நீட்டினால் மிதவை அந்தப் பக்கம் நகர வேண்டும். உள்ளங்கையைக் காட்டினால் நில். இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கி இறக்கினால், சரியாக இருக்கிறது, அங்கேயே நட்டுவிடு என்று அர்த்தம். வீட்டில் கடிகாரம் மாட்டும்போதும் அவள் ஸ்டூலுக்கு எதிரே நின்று பேசாமல் கையை நீட்டுவாள். கண்ணாடிக்காரர் அதை ரசித்துக்கொண்டுதான் இருந்தார். ஆற்றில் இது யாரோடு நடக்கிறது என்று தெரிந்த நாளிலிருந்து கடிகாரம் மாட்ட ஆசாரியைக் கூப்பிட்டுவிடுவார்.

ஆனால் அவரிடமும் ஒரு சொத்து இருந்தது. அவள் தலையைச் சாய்த்துப் பார்ப்பது. கல்யாணமான புதிதில் ஒரு சாயங்காலம் சாப்பாட்டு மேஜைக்கு எதிரெதிரே உட்கார்ந்திருந்தார்கள். படிக்கிற பையன் மாதிரித் தெரிய வேண்டும் என்று பள்ளிக்கூடத்தில் பவரே இல்லாத கண்ணாடி போட்டுக்கொண்டு திரிந்த கதையை அவர் சொன்னார். அவள் தலையை இடது தோள் பக்கம் சாய்த்துக் கேட்டுச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் மாதிரிக் கண்ணாடி ஒன்றை அவள் முகத்துக்கு முன்னால் மட்டமாகப் பிடித்து, இரண்டு கருவிழிக்கும் நேராகப் பேனாவால் புள்ளி வைத்துக்கொண்டார். அந்த அளவில்தான் அவளுக்கு முதல் கண்ணாடி செய்தார். அதற்குப் பிறகு எத்தனையோ தடவை பிரேம் மாறியது, பவர் மாறியது. முகத்தை மட்டும் அவர் அளக்கவே இல்லை. "உன் முகத்துக்கு எனக்கு ஸ்கேல் வேணுமா?" என்பார். மனப்பாடம். கடைக்கு வரும் அந்நியர்களைத்தான் ஒன்றுக்கு மூன்று தடவை அளப்பார். அவளும் புதுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தலையைச் சாய்த்து அவரைப் பார்த்து, நல்லாயிருக்கு என்பாள். ஆற்றங்கரையில் என்ன நடந்தாலும் நடக்கட்டும், அந்தச் சாய்வு எனக்கு மட்டும் என்று அவர் அடித்துப்பிடித்து நம்பினார்.

காலைச் சாப்பாட்டு நேரம் தாண்டியதும் அலுவலகத்து ஆட்கள் மொத்தமாக வந்தார்கள். மலர்வளையம் கொண்டுவந்தார்கள். பெரிதாக்கிச் சட்டம் போட்ட ஒரு புகைப்படமும் வந்தது. பெட்டிக்குத் தலைமாட்டில் ஒரு ஸ்டூல் போட்டு அதை நிறுத்தினார்கள். வரைபடம் வரையும் பெண் விக்கி விக்கி அழுதாள். பெரிய அதிகாரி கைக்குட்டையை மூக்கோடு வைத்துக்கொண்டார். யார் எவ்வளவு அழுகிறார்கள் என்று கண்ணாடிக்காரர் கவனித்துக்கொண்டிருந்தார். மண்காரர் அழவில்லை. கடைசியாக வந்து, கடைக் கதவின் ஓரமாகவே நின்றார். அவர் அழாததுதான் கண்ணாடிக்காரருக்கு ரொம்பவும் உறுத்தியது. உரிமை இருக்கிறவனால்தான் அழாமல் நிற்க முடியும்.

பிறகு மண்காரர் மெதுவாக முன்னால் வந்தார். மலர்வளையத்தை எடுத்துப் புகைப்படத்தின் மேல் சாத்தினார். அது சரிந்தது; மறுபடியும் ஏற்றி வைத்தார். அவர் விரல்கள் படத்தின் மேல் இருந்தன. கண்ணாடிக்காரருக்குள் ஏதோ சுர்ரென்று ஏறியது. எழுந்து போய் வளையத்தை எடுத்துக் கீழே வைத்தார்.

அப்போதுதான் படத்தைச் சரியாகப் பார்த்தார். மற்றவர்கள் முகத்தைப் பார்ப்பார்கள். அவர் கண் முதலில் பிரேமில்தான் போய் நிற்கும். அகலமான, கனத்த பிரேம். பின்னால் கயிறு. அவர் கடையில் அந்த மாதிரி வைப்பதே இல்லை. மிதவையின் மேல், தண்ணீர் பின்னால் விரிந்து கிடக்க, அவள் அக்கரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அம்மா இதுல வேற மாதிரி இருக்காங்கப்பா" என்றாள் பக்கத்தில் வந்த மகள். "ஏன்னு தெரியல."

அவருக்குத் தெரிந்தது. தலை நேராக இருந்தது.

வெளியே தெருவில் இன்னொரு பிரச்சினை ஓடிக்கொண்டிருந்தது. இடுகாடு அக்கரையில். எந்த வழியாகப் போவது என்று வண்டிக்காரர் கேட்டிருக்கிறார். கேட்ட இடம் தப்பு. பாலத் திட்ட அலுவலகமே அங்கே நின்றது. பழைய பாலத்தில் ஒரு பக்கம் பராமரிப்பு வேலை நடக்கிறது என்று ஒருவர் சொன்னார். மேலே அடுத்த ஊர்ப் பாலம் வழியாகச் சுற்றிப் போனால் சாலை நன்றாக இருக்கும் என்றார் இன்னொருவர். வண்டி ஏற்றும் படகில் போகலாம், ஆனால் வரிசையில் நிற்க வேண்டும் என்று மூன்றாமவர் விரலை மடக்கினார். ஒரு பெட்டியை ஆற்றைக் கடத்துவதற்கு மூன்று தடங்களை ஒப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். இக்கரையிலேயே புதைத்தால் என்ன என்றுகூட ஒருவர் ஆரம்பித்தார். அது முதல் பத்தி. அவள் நன்றாகத்தான் பழக்கி வைத்திருந்தாள்.

பெரிய அதிகாரி உள்ளே வந்து கண்ணாடிக்காரரிடம் முடிவு கேட்டார். மண்காரர், "படகுல போனா நல்லது சார்" என்றார். நடு ஆற்றில் ஓர் இடத்தில் அவள் குறித்த தடத்தின் கொடிக்கம்பங்கள் எல்லாம் ஒன்றின் பின் ஒன்றாக மறைந்து ஒரே கம்பமாகத் தெரியும். அந்த இடம் வரும்போது அவள் பேச்சை நிறுத்திவிடுவாள் என்றார்.

"பழைய பாலத்துலயே போகட்டும்" என்றார் கண்ணாடிக்காரர். படகுக்கு எதிராக அவரிடம் எந்தக் காரணமும் இல்லை, சொன்ன ஆளைத் தவிர. பிறகு மண்காரரைப் பார்த்து, "நீங்க கொஞ்சம் வாங்க" என்று கடைக்குள் நடந்தார்.

கடைக்கும் கூடத்துக்கும் நடுவில் இருந்த கதவைச் சாத்தினார். பழக்க தோஷத்தில் கண் பார்க்கும் நாற்காலியைக் காட்டினார். மண்காரரும் பழக்க தோஷத்தில் அதில் உட்கார்ந்தார்.

"அந்தப் போட்டோவுல இருக்கற கண்ணாடி என் கடைது இல்ல."

மண்காரர் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"யார் வாங்கிக் குடுத்தது?"

"அவங்களே வாங்கிக்கிட்டாங்க சார். அக்கரைல ஒரு கடைல." சட்டைப் பைக்குள் கை விட்டு, கயிறு சுற்றிய கண்ணாடியை எடுத்தார். "அவங்க மத்த சாமான் எல்லாம் மிதவைலதான் இருக்கு. இத மட்டும் யார் கையிலயும் குடுக்க வேணாம்னு நானே வெச்சிருந்தேன். அந்தப் போட்டோவையும் வேணாம்னு சொன்னேன். ஆபீஸ்ல யாரும் கேக்கல. அதான் வளையத்தால மறைக்கப் பாத்தேன்."

அக்கரைக் கடைக்காரனை இவர் மனிதனாகவே மதித்ததில்லை. கூடை நிறைய ரெடிமேட் கண்ணாடி போட்டு விற்பவன் என்பார். அவனிடம் போய்ச் சொந்த மனைவி முகத்தைக் காட்டியிருக்கிறாள். வேறு எந்தப் புருஷனுக்காவது இது ஒரு சாதாரண விஷயமாக இருக்கலாம்; இவருக்கு, அவள் இன்னொரு வீட்டில் சாப்பிட்டுவிட்டு வந்த மாதிரி வயிறு எரிந்தது. கையிலிருந்ததை உடைத்துப் போட்டுவிடலாமா என்றிருந்தது. ஆனால் கை தன்பாட்டில் அதை லென்ஸ் அளக்கும் கருவியில் வைத்தது.

பவரைப் பார்த்தார். அவர் செய்து கொடுத்த அதே பவர், மயிரிழை மாறவில்லை. ஒரு கணம் நெஞ்சு லேசானது. அப்படியானால் இது எதற்கு? கூடத்துக்குப் போய், எல்லோரும் பார்க்க, அவள் முகத்திலிருந்து தான் செய்த கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கணும் என்று மைத்துனியிடம் முணுமுணுத்துவிட்டுத் திரும்பினார். மூக்கின் இரண்டு பக்கமும் அது பதிந்திருந்த தடம் சிவப்பாக இல்லாமல் வெளுத்துக் கிடந்தது.

இரண்டு கண்ணாடியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒவ்வொரு லென்ஸின் மையத்திலும் ஒரு புள்ளி வைத்தார். லென்ஸின் மையம் கருவிழிக்கு நேராக நிற்க வேண்டும். கடையில் வேலைக்கு வருகிறவனுக்கு முதல் வாரம் சொல்லிக் கொடுக்கிற பாடம் அது. அக்கரைக் கடைக் கண்ணாடியில் இரண்டு புள்ளியும் ஒரே மட்டத்தில் இருந்தன. அவர் செய்ததில் இடது புள்ளி ஓர் அரிசியின் பருமன் கீழே இறங்கியிருந்தது.

துடைத்துவிட்டு மறுபடியும் வைத்தார். மறுபடியும் அங்கேதான் விழுந்தது.

அதற்கு என்ன பொருள் என்று அவருக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. ஒரு கண் பார்ப்பது மேலேயும் இன்னொரு கண் பார்ப்பது கீழேயுமாக நிற்கும். கிட்டத்தில் எப்படியாவது சமாளித்துவிடலாம்; தூரத்தில் ஒவ்வொரு பொருளும் இரண்டாகத் தெரியும். அதை ஒன்றாக்க ஒரே வழி தலையைச் சாய்ப்பது; ரொம்பத் தூரத்துக்கு அதுவும் போதாது. கடைக்கு வரும் சின்னப் பிள்ளைகள் தலையைச் சாய்த்தால், கண்ணாடி சரியில்லை என்று பெற்றவர்களை அதட்டுகிறவர் அவர். முதல் நாள் சாயங்காலம் அவள் சாய்ந்தது அவர் கதையைக் கேட்பதற்காக. அந்த நேரம் பார்த்து அவர் புள்ளி வைத்தார். அதற்குப் பிறகு அவள் சாய்ந்ததெல்லாம் அந்தப் புள்ளிக்காக.

"இது அவளுக்குத் தெரியுமா?"

"தெரியும் சார்."

மண்காரர் சொல்ல ஆரம்பித்தார். அவருக்கு நீளமாகப் பேசி வழக்கமில்லை. மண் எடுக்கிற மாதிரி கொஞ்சம் கொஞ்சமாக வந்தது. சந்தை வழித் தடத்துக்கு வேலை ஆரம்பித்த சமயம். அவள் கரையில் நின்று கை காட்ட, அவர் மிதவையை நிறுத்தித் துளை போட்டார். பாறை வர வேண்டிய ஆழத்தில் பாறை வரவில்லை, சேறாகவே வந்துகொண்டிருந்தது. பிறகு அளந்து பார்த்தால் மிதவை நின்ற இடமே தப்பு. அவளிடம் அப்படி ஒரு தப்பு வரவே வராது. என்ன மேடம் ஆச்சு என்று கேட்டிருக்கிறார். அக்கரையில் ஒரு கம்பம் நட்டால் தனக்கு இரண்டு தெரிகிறது, ஒன்றின் தலையில் இன்னொன்று, எதைப் பிடிப்பது என்று தெரியாமல் ஒன்றைப் பிடித்துவிட்டேன் என்றாளாம். அன்று சாயங்காலமே படகில் அக்கரை போய்க் கண்ணாடி வாங்கினாள். மறுநாள் தலையை நேராக வைத்துக்கொண்டு கரையில் நின்றாள். அவருக்கே அடையாளம் தெரியவில்லை.

"எங்கிட்ட ஏன் சொல்லல?"

"அதத்தான் நானும் கேட்டேன். சார் கிட்ட சொன்னா ஒரு நிமிஷத்துல சரி பண்ணிருவாரேன்னு." மண்காரர் விரல் விட்டு எண்ண ஆரம்பித்தார். "மூணு வழி போட்டுப் பாத்தேன்னாங்க. சொல்லிர்றது ஒண்ணு. சொன்னா நீங்க அதோட கடையில ஒவ்வொருத்தர் மூஞ்சியையும் பயந்து பயந்து அளப்பீங்களாம். ஊருக்கு எல்லாருக்கும் சரியாப் பண்ணிட்டு வீட்டுல தப்பாப் பண்ணிட்டோமேன்னு தூங்க மாட்டீங்களாம். இன்னொண்ணு, இந்தக் கண்ணாடிய வீட்டுலயும் போட்டுக்கறது. அது அதவிட மோசம்னாங்க. மூணாவது, உங்க கைலயே ஏதாவது சாக்குச் சொல்லி அளக்க வெக்கறது. அதுக்கு நீங்க ஒத்துக்கவே மாட்டீங்கன்னு சிரிச்சாங்க."

"அப்புறம்?"

"சும்மா விடறதுக்கும் மார்க் போட்டாங்களாம். அதுதான் மேல வந்துச்சுன்னாங்க. வீட்டுல எனக்குத் தெரிய வேண்டிய தூரம் சாப்பாட்டு மேஜை அகலம்தான், அந்தத் தூரத்துக்கு அது போதும், தலையக் கொஞ்சம் சாச்சுக்கிட்டா அவர் முகம் நல்லாவே தெரியுதுன்னாங்க."

கூடத்திலிருந்து யாரோ நாற்காலியை இழுக்கும் சத்தம் வந்தது.

"உங்ககிட்ட சொல்லியிருக்கா" என்றார் கண்ணாடிக்காரர். "எங்கிட்ட சொல்லல. உங்ககிட்ட சொல்லியிருக்கா."

"துளை தப்பா விழுந்துச்சு சார். நான் கேட்டேன். அதனால சொன்னாங்க." மண்காரர் எழுந்துகொண்டார். "நீங்க என்ன நினைக்கறீங்கன்னு எனக்குத் தெரியும். இந்த நாற்காலில உக்காரும்போதெல்லாம் தெரியும். அன்னிக்கு அவங்க சொன்னதக் கேட்டப்ப எனக்கு உங்க மேலதான் பொறாமையா இருந்துச்சு."

அந்த மனிதரை வெறுப்பதற்குக் கண்ணாடிக்காரர் வைத்திருந்ததெல்லாம் கையை விட்டுப் போய்க்கொண்டிருந்தது. வெறுப்பு மட்டும் போகாமல் அங்கேயே நின்றது. அந்த முதல் கண்ணாடிக்குப் பிறகு அவள் தலை நேராக இருந்து இவர் பார்த்ததில்லை. அந்த ஆள் பார்த்திருக்கிறார், வருடக்கணக்காக.

அவர் விளக்கைப் போட்டார். தான் செய்த கண்ணாடியிலிருந்து இரண்டு லென்ஸையும் கழற்றி ஓரமாக வைத்தார். அக்கரைக் கண்ணாடியின் லென்ஸையும் கழற்றினார். அது அகல பிரேம், லென்ஸ் பெரியது. சுற்றிலும் அரைத்தால் தன் பிரேமுக்குள் உட்கார்ந்துவிடும். ஸ்கேலை எடுத்தார். மனப்பாடத்தில் இருந்த அளவை அவர் இனி நம்புவதாக இல்லை. இந்தத் தடவை முகத்தை அளந்துவிட வேண்டும் என்று கதவு வரை போனார். அங்கேயே நின்றுவிட்டார். அவள் கண்கள் மூடியிருந்தன. கருவிழி எங்கே என்று இனி யாராலும் புள்ளி வைக்க முடியாது.

திரும்பி வந்து, அக்கரைக் கடைக்காரனின் பிரேமில் மூக்கு உட்காரும் இடத்திலிருந்து புள்ளி வரை அளந்துகொண்டார். அவன் சரியாக அளந்திருந்தான். அதையே தன் பிரேமில் குறித்தார்.

அரைக்கும் சக்கரத்தை ஓடவிட்டதும் அதன் இரைச்சல் வீடு முழுக்கக் கேட்டது. கூடத்தில் பேச்சு நின்றது. மைத்துனி கதவைத் திறந்து எட்டிப் பார்த்தாள். பெண்டாட்டி பெட்டிக்குள் கிடக்கும்போது லென்ஸ் அரைக்கிற மனிதரை என்ன சொல்வதென்று தெரியாமல், "அத்தான், வண்டிக்காரர் கேக்கறாரு" என்றாள்.

"படகுலயே போகச் சொல்லு" என்றார் அவர் தலையைத் தூக்காமல்.

லென்ஸ் இரண்டும் க்ளக் க்ளக் என்று பிரேமுக்குள் உட்கார்ந்தன. மென்துணியால் துடைத்தார். ஊதிப் பார்த்து மறுபடியும் துடைத்தார். பிறகு கூடத்துக்குப் போனார். மகள் நகர்ந்து இடம் விட்டாள். காதுகளுக்குப் பின்னால் பிடிகளைச் செலுத்தி, மூக்கில் பழைய தடத்தின் மேலேயே கண்ணாடியை உட்கார வைத்தார். மடித்து வைத்திருந்த கைத்துண்டைத் தலையணைக்கு அடியிலிருந்து உருவி எடுத்தார்.

இரண்டு கையாலும் தலையைப் பிடித்து நிமிர்த்தினார். எவ்வளவு நிமிர்த்த வேண்டும் என்று தெரியவில்லை. கொஞ்சம் வலது பக்கம் போனது. திருப்பினார். சரியாக இருக்கிற மாதிரியும் இருந்தது, யாரோ ஒருத்தி மாதிரியும் இருந்தது. கூடத்தில் இருந்த எல்லோரும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் அவர்களில் யாரையும் கேட்கவில்லை. கூடத்தின் மறுகோடியில், கடைக் கதவை ஒட்டி மண்காரர் நின்றிருந்தார்.

"நேரா இருக்கா?" என்றார் கண்ணாடிக்காரர்.

மண்காரர் வலது கையைத் தூக்கி ஒரு பக்கமாக நீட்டினார். கண்ணாடிக்காரர் தலையை அந்தப் பக்கம் மெல்ல நகர்த்தினார். கை இன்னும் நீட்டியே இருந்தது. இன்னும் கொஞ்சம் நகர்த்தினார். உள்ளங்கை விரிந்து நின்றது. பிறகு மறு கையால் துளியூண்டு, இந்தப் பக்கம்.

மண்காரர் இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கி இறக்கினார். கண்ணாடிக்காரர் தன் கைகளை எடுத்தார்.